வேம்புப் பூச்சிக்கொல்லி: பயனும் பாதுகாப்பும்

பெங்களூரு மாநகரின் சந்தைகளில் நாள்தோறும் வந்து குவியும் தக்காளி, முட்டைக்கோசு, அவரை, கத்தரி முதலிய காய்கறிகளில் பெரும்பகுதி கோலார், சிக்கபள்ளாபூர், பெங்களூரு ஊரகம் ஆகிய சுற்றுப்புற மாவட்டங்களில் விளைபவை. காய்கறிச் சாகுபடி நெல், கேழ்வரகு போன்ற தானியச் சாகுபடியினின்றும் வேறுபட்டது. தானியம் ஒரு முறை அறுவடையாகிறது. பின்னர் நெடுநாள் இருப்பில் கிடந்து, உமி நீக்கப்பட்டு உணவாகிறது. கத்தரியும் வெண்டையும் அவ்வாறல்ல. சில நாட்களுக்கு ஒரு முறை காய் பறிக்கப்படுகிறது. பறித்த மறுநாளே அது அடுப்பேறுகிறது. எனவே, பயிரின் மீது தெளிக்கப்பட்ட மருந்து சிதைந்து மறைவதற்குப் போதிய அவகாசம் கிடைப்பதில்லை. மருந்துப் புட்டியின்மீது அச்சிடப்பட்டிருக்கும் காத்திருப்புக் காலத்தைக் கடைப்பிடிக்க விரும்பும் விவசாயிகூட, காய் முற்றி வீணாவதைப் பார்த்துக் கொண்டிருக்க இயலாது.

இந்நிலையில், விரைவில் சிதையக்கூடிய தாவரப் பூச்சிக்கொல்லிகளின்பால் ஆராய்ச்சியாளரின் கவனமும் விவசாயிகளின் நாட்டமும் திரும்பியது இயல்பே. அவற்றுள் முதலிடம் பெறுவது வேம்பு. வேப்பம் பொருட்களைப் பற்றி எழும் பேச்சுகளில் ஒரு சொல் தவறாமல் இடம் பெறுகிறது: ‘இயற்கையானது, ஆகவே தீங்கற்றது’ என்பதே அது. இக்கூற்றின் முற்பகுதி உண்மை. பிற்பகுதி எந்த அளவுக்கு உண்மை, எந்த நிபந்தனைகளுக்கு உட்பட்டு உண்மை என்பது ஆராயத்தக்கது.

இயற்கையில் விளையும் நஞ்சுகள்

தாவரத்திலிருந்து பெறப்படுவது என்னும் ஒரே காரணத்தால் ஒரு பொருள் பாதுகாப்பானது ஆகிவிடாது. புகையிலைக் கஷாயத்தை அசுவினிப் பூச்சிகளுக்கு எதிராக நம் விவசாயிகள் நெடுங்காலமாகப் பயன்படுத்தி வந்துள்ளனர். அதில் அடங்கியுள்ள நிக்கோட்டின் மனிதனின் நரம்பு மண்டலத்தைத் தாக்கும் கொடிய நஞ்சாகும். தோல் வழியாகவும் அது உடலினுள் புகும். இக்காரணம் பற்றியே நிக்கோட்டின் சல்பேட்டைப் பூச்சிக்கொல்லியாகப் பயன்படுத்துவது நம் நாட்டில் தடை செய்யப்பட்டுள்ளது. டெர்ரிஸ் முதலிய செடிகளின் வேரிலிருந்து கிடைக்கும் ரோட்டினோன் மீன்களைக் கொல்லும் ஆற்றலுக்குப் பெயர் பெற்றது. இப்பொருள் தொடர்ந்து செலுத்தப்பட்ட எலிகளுக்குப் பார்க்கின்சன் நோயை ஒத்த நடுக்கமும் நரம்புச் சிதைவும் தோன்றியதாக 2000-ஆம் ஆண்டில் ஆய்வு முடிவுகள் வெளியாயின. ஒருவகைச் சாமந்திப் பூவிலிருந்து எடுக்கப்படும் பைரித்ரம் மனிதருக்கு அதிகத் தீங்கு செய்வதில்லை. ஆனால் மீனுக்கும் தேனீக்கும் அது கடும் நஞ்சு.

ஆக, ஒரு பூச்சிக்கொல்லி எங்கிருந்து பிறந்தது என்பதைக் கொண்டு அதன் பாதுகாப்பை மதிப்பிட இயலாது. அது உயிரினத்தின் எந்த உறுப்பில், எவ்வாறு செயற்படுகிறது? எவ்வளவு காலம் சிதையாமல் நிற்கிறது? எந்த அளவில், எவருடைய உடலில் சேர்கிறது? இம்மூன்று வினாக்களுக்கும் விடை கண்ட பின்னரே தீர்ப்புக் கூற இயலும். வேம்பையும் இதே உரைகல்லில் உரைத்துப் பார்ப்பதே முறையாகும்.

வேம்பு செயற்படும் விதம்

தானியக் குதிரிலும் புத்தகப் பெட்டியிலும் வேப்பிலையை இடும் வழக்கம் தொன்மையானது. அதன் அறிவியல் அடிப்படை வெளிப்பட்டது இருபதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில்தான். 1959-ஆம் ஆண்டில் சூடான் நாட்டில் வெட்டுக்கிளிக் கூட்டம் பசுமையனைத்தையும் தின்று தீர்த்தபோது வேப்ப மரங்கள் மட்டும் தப்பி நின்றதை ஜெர்மானியப் பூச்சியியல் அறிஞர் ஹைன்ரிச் ஷ்முட்டரர் கண்டார். 1962-ஆம் ஆண்டில் டெல்லியிலுள்ள இந்திய வேளாண்மை ஆராய்ச்சி நிறுவனத்தைச் சேர்ந்த பிரதான், ஜோத்வானி, ராய் ஆகியோர், வேப்பங்கொட்டைப் பருப்பை நீரில் கரைத்துப் பயிரின்மேல் தெளித்தால் வெட்டுக்கிளிகள் அதனை உண்ணாமல் விலகுவதை மெய்ப்பித்தனர். இவ்விளைவுக்கு முதன்மையான காரணமாகிய அசாடிராக்டின் என்னும் வேதிப்பொருளை 1968-இல் இங்கிலாந்தைச் சேர்ந்த பட்டர்வொர்த், மார்கன் ஆகிய இருவரும் தனியே பிரித்தெடுத்தனர். அதன் மூலக்கூறு மிகவும் சிக்கலானது. அதனை ஆய்வுக்கூடத்தில் முழுமையாகத் தொகுத்து உருவாக்கும் முயற்சி 2007-ஆம் ஆண்டில்தான் வெற்றி பெற்றது.

அசாடிராக்டின் பூச்சியைத் தொட்டவுடன் கொல்வதில்லை. அது முதலில் பூச்சியின் உண்ணும் விருப்பத்தைக் கெடுக்கிறது. அதையும் மீறி உண்ணும் புழுவின் உடலில் வேறொரு மாற்றம் நிகழ்கிறது. புழு வளர்வதற்குத் தன் மேல்தோலை அவ்வப்போது உரிக்க வேண்டும். இதனை நடத்துவது எக்டைசோன் என்னும் ஹார்மோன். இந்த ஹார்மோன் உரிய நேரத்தில் சுரப்பதை அசாடிராக்டின் குலைத்துவிடுகிறது. அதனால் புழு தோலுரிக்க இயலாமல் மடிகிறது, அல்லது ஊனமுற்ற கூட்டுப்புழுவாகிறது. தப்பிப் பிழைக்கும் அந்துப்பூச்சிகளும் குறைந்த முட்டைகளையே இடுகின்றன.

மனிதனுக்கும் கால்நடைக்கும் பறவைக்கும் தோலுரிக்கும் வளர்ச்சி முறையும் இல்லை. எக்டைசோனால் இயங்கும் அமைப்பும் இல்லை. வேம்பின் முக்கியத் தாக்குதல் நம்மிடம் இல்லாத ஓர் அமைப்பின்மீது நிகழ்கிறது. அதன் பாதுகாப்புக்கு இதுவே வலுவான காரணமாகும். இதற்கு மாறாக, ஆர்கனோ பாஸ்பரஸ் வகை மருந்துகள் பூச்சிக்கும் மனிதனுக்கும் பொதுவான நரம்பு நொதியைத் தாக்குகின்றன. அவற்றைத் தெளிக்கும் தொழிலாளர் மயங்கி விழுவதன் காரணம் இதுவே.

ஹெசரகட்டாவில் நடந்த பணி

பெங்களூருக்கு வடமேற்கே ஹெசரகட்டாவில் இந்திய வேளாண்மை ஆராய்ச்சிக் கழகத்தின் கீழ் 1967-ஆம் ஆண்டில் நிறுவப்பட்ட இந்தியத் தோட்டக்கலை ஆராய்ச்சி நிறுவனம் இத்துறையில் குறிப்பிடத்தக்க பணியாற்றியுள்ளது. அங்கு ஆராயப்பட்ட சிக்கல்களுள் ஒன்று முட்டைக்கோசைத் தாக்கும் வைரமுதுகு அந்துப்பூச்சி பற்றியதாகும். உலகில் டி.டி.டி. மருந்துக்கு எதிர்ப்பாற்றல் பெற்றதாக அறியப்பட்ட முதற் பயிர்ப்பூச்சி இதுவே. 1953-ஆம் ஆண்டில் ஜாவாவில் இது கண்டறியப்பட்டது. பின்னர் வந்த மருந்துகள் பலவற்றையும் அது ஒவ்வொன்றாக வென்றது. மருந்து பலிக்காதபோது விவசாயி அளவைக் கூட்டுகிறார். தெளிப்பின் எண்ணிக்கையைப் பெருக்குகிறார். செலவும் நஞ்சின் எச்சமும் ஏறுகின்றன, பூச்சி குறைவதில்லை.

இதற்கு மாற்றாக ஹெசரகட்டா ஆய்வாளர்கள் கடுகையும் வேம்பையும் இணைத்து ஒரு முறையை வகுத்தனர். ஒவ்வொரு 25 முட்டைக்கோசு வரிசைகளுக்கும் ஓர் இணை கடுகு வரிசை விதைக்கப்படுகிறது. அவ்விணையில் ஒன்று முட்டைக்கோசு நடுவதற்கு 15 நாட்கள் முன்பும், மற்றொன்று நட்ட 25 நாட்களுக்குப் பின்பும் விதைக்கப்படும். அந்துப்பூச்சிகள் கடுகை நாடிச் சென்று முட்டையிடுகின்றன. முக்கியப் பயிரின்மேல் 4 விழுக்காட்டு வேப்பங்கொட்டைச் சாறு தெளிக்கப்படுகிறது. வேம்பு பூச்சியின் பல செயல்களை ஒருசேரக் குலைப்பதாலும், அதன் சாற்றில் அசாடிராக்டினைத் தவிர வேறு பல கூறுகளும் அடங்கியிருப்பதாலும், அதற்கு எதிர்ப்பாற்றல் பெறுவது பூச்சிக்கு எளிதன்று.

வேப்பங்கொட்டையை இடித்து, ஊறவைத்து, வடிகட்டுவது உழைப்பு மிகுந்த வேலை. வேப்பெண்ணெயை நேராகத் தெளிப்பதிலும் இடர் உண்டு. எண்ணெய் நீரில் சரிவரக் கலவாமல், இளந்தளிர்களைக் கருக்கிவிடும். இக்குறைகளைக் களையும் பொருட்டு இந்நிறுவனம் வேப்பெண்ணெயைக் கொண்டு பயிர்களுக்கான வேம்புச் சோப்பையும், புங்க எண்ணெயைக் கொண்டு புங்கன் சோப்பையும் உருவாக்கியது. சோப்பை நீரில் கரைத்து அப்படியே தெளிக்கலாம். இத்தொழில்நுட்பம் சிறு தொழில் முனைவோருக்கும் உரிமம் முறையில் வழங்கப்பட்டுள்ளது.

உண்பவருக்கும் தெளிப்பவருக்கும்

நம் நாட்டில் பூச்சிக்கொல்லிகளை ஒழுங்குபடுத்துவது 1968-ஆம் ஆண்டின் பூச்சிக்கொல்லிச் சட்டம். வேம்பு சார்ந்த வணிகத் தயாரிப்புகளும் இச்சட்டத்தின்கீழ்ப் பதிவு பெறவேண்டும். ஒவ்வொரு மருந்துப் புட்டியிலும் அச்சிடப்படும் முக்கோணத்தின் நிறம், சோதனைப் பிராணிகளில் பாதியைக் கொல்லத் தேவையான அளவைக் குறிக்கிறது. உடல் எடையில் கிலோ ஒன்றுக்கு 50 மில்லிகிராம் வரை போதுமெனில் சிவப்பு. 51 முதல் 500 வரை மஞ்சள். 501 முதல் 5,000 வரை நீலம். 5,000-க்கு மேல் பச்சை. அசாடிராக்டினை வாய்வழியாக எலிகளுக்குக் கொடுத்த சோதனையில் இவ்வளவு 5,000 மில்லிகிராமுக்கும் மேற்பட்டதாகக் காணப்பட்டது. காய்கறியின் மேற்பரப்பில் அது பாதியளவு சிதைவதற்கு ஒன்று முதல் இரண்டரை நாட்களே ஆகின்றன. ஆகவே, முறைப்படி தெளிக்கப்பட்ட காய்கறியைக் கழுவிச் சமைத்து உண்பவர் அஞ்சுவதற்கு இடமில்லை.

ஆயினும், இந்த நற்சான்று பயிரின்மீது தெளிக்கப்படும் மிகச் சிறிய அளவுக்கு உரியது. வேப்பெண்ணெயை உட்கொள்வதற்கு உரியதன்று. இவ்வேறுபாட்டை உணராததால் உயிரிழப்பும் நேர்ந்துள்ளது. சளி, வயிற்றுப் பொருமல், பூச்சித் தொல்லை ஆகியவற்றுக்குக் கைக்குழந்தைகளுக்கு வேப்பெண்ணெய் புகட்டும் வழக்கம் தமிழகத்திலும், தமிழர் குடியேறிய நாடுகளிலும் இருந்து வந்தது. 1981-ஆம் ஆண்டில் மலேசிய மருத்துவர்கள் வேப்பெண்ணெய் உட்கொண்டு கடும் நோயுற்ற 13 குழந்தைகளைப் பற்றி ‘லான்செட்’ மருத்துவ இதழில் அறிவித்தனர். வாந்தி, மயக்கம், மூச்சிரைப்பு, அடுத்தடுத்த வலிப்பு ஆகியவை அக்குழந்தைகளிடம் காணப்பட்டன. ஈரலும் மூளையும் ஒருங்கே பாதிக்கப்படும் ‘ரே’ நோயை இந்நிலை ஒத்திருந்தது. 1982-இல் இந்தியக் குழந்தை மருத்துவ இதழிலும் வேப்பெண்ணெய் நச்சேற்றம் பற்றிய அறிக்கை வெளியாயிற்று.

இங்கு ஒரு கணக்கைக் கவனித்தல் நலம். எலிகளில் பாதியைக் கொல்லத் தேவையான வேப்பெண்ணெயின் அளவு, உடல் எடையில் கிலோ ஒன்றுக்கு ஏறத்தாழ 14 மில்லிலிட்டர் என்று 1988-ஆம் ஆண்டில் வெளியான ஆய்வொன்று கணித்தது. ஐந்து கிலோ எடையுள்ள குழந்தைக்குச் சிறு கரண்டியால் 5 மில்லிலிட்டர் புகட்டினால், கிலோ ஒன்றுக்கு 1 மில்லிலிட்டர் ஆகிறது. அதாவது மேற்கூறிய அளவில் பதினான்கில் ஒரு பங்கு. எண்ணளவில் இது சிறியதே. ஆனால் வளர்ந்த எலியின் ஈரலும் சில மாதங்களே ஆன குழந்தையின் ஈரலும் ஒன்றல்ல. சாகும் அளவுக்குக் கீழே உள்ளது எல்லாம் பாதுகாப்பான அளவும் அன்று. முக்கோணத்தின் பச்சை நிறம் ஒருமுறை உட்கொண்டால் உடனே சாவு நேருமா என்னும் ஒரு வினாவுக்கு மட்டுமே விடை கூறுகிறது என்பதை இவ்வுதாரணம் தெளிவுபடுத்துகிறது.

வேறு இரண்டு செய்திகளும் நினைவில் கொள்ளத்தக்கவை. வேப்பெண்ணெய்க்கு விந்தணுக்களை அழிக்கும் இயல்பு உண்டு. கருத்தடைப் பொருளாக அதனைப் பயன்படுத்துவது பற்றி 1980-களில் டெல்லியில் உள்ள பாதுகாப்புத் துறை ஆய்வு நிறுவனமொன்றில் ஆராயப்பட்டது. எனவே கருவுற்ற பெண்கள் அதனை உட்கொள்ளுதல் கூடாது. இரண்டாவதாக, வேப்பம்பழம் உதிரும் காலமும் மழைக்காலமும் பெரும்பாலும் ஒட்டி வருகின்றன. சதையை நீக்காமல் ஈரத்துடன் குவித்து வைக்கப்படும் கொட்டைகளில் பூஞ்சணம் பிடித்து, அஃப்ளடாக்சின் என்னும் கொடிய நஞ்சு உண்டாகக்கூடும். ஈரலில் புற்றுநோயைத் தோற்றுவிக்கும் ஆற்றல் கொண்டது இது. அப்போது தெளிக்கப்படும் சாற்றில் வேம்பு மட்டும் இருப்பதில்லை. வேம்பில் இல்லாத வேறொரு நஞ்சும் சேர்ந்துவிடுகிறது.

நீரிலும் நிலத்திலும்

வேம்பின் தாக்குதல் தோலுரிக்கும் உயிர்களின்மீது நிகழ்கிறது என்று கண்டோம். தோலுரிப்பவை பூச்சிகள் மட்டுமல்ல. குளத்து நீரில் மிதந்து வாழும் நுண்ணிய நீர்த்தெள்ளும், இறாலும், நண்டும் அதே எக்டைசோன் ஹார்மோனின் ஆணைப்படி தோலுரித்தே வளர்கின்றன. மனிதனைக் காக்கும் அதே காரணம் இவற்றைக் காப்பதில்லை. இந்நுண்ணுயிர்களே மீன்குஞ்சுகளின் முதல் உணவு. மீன்களைப் பொறுத்தவரையிலும் அசாடிராக்டின் நடுத்தர நச்சுத்தன்மை உடையதாகவே வகைப்படுத்தப்பட்டுள்ளது.

ஆறுதல் அளிக்கும் செய்தி, அது நீரில் நெடுநாள் தங்குவதில்லை என்பது. சூழ்நிலைக்கேற்ப, நீரில் அது பாதியாகக் குறைவதற்கு ஒரு மணிக்கும் குறைவான நேரம் முதல் நான்கு நாட்கள் வரையிலும், மண்ணில் 3 முதல் 44 நாட்கள் வரையிலும் ஆவதாகக் கணிக்கப்பட்டுள்ளது. உணவுச் சங்கிலியில் ஏறி, கொழுப்பில் ஆண்டுக்கணக்கில் தேங்கி நின்ற டி.டி.டி. போன்றதன்று வேம்பு. எனினும், தெளிப்பானை ஏரிக்கரையில் கழுவி ஊற்றினால், சிதைவதற்கு முன்பே அது தீங்கு செய்துவிடும். ஹெசரகட்டா ஆராய்ச்சி நிலத்தின் அருகிலேயே, பெங்களூருக்குக் குடிநீர் வழங்குவதற்காக 1894-இல் அர்க்காவதி ஆற்றின் குறுக்கே அமைக்கப்பட்ட ஏரி உள்ளது. ஏரிகளும் குளங்களும் நிறைந்த பெங்களூருச் சுற்றுவட்டத்தில் வயலுக்கும் நீருக்கும் இடைப்பட்ட தொலைவு பல இடங்களில் ஒரு வரப்பு மட்டுமே.

நன்மை செய்யும் பூச்சிகளின் நிலையும் இதனோடு எண்ணத்தக்கது. பெங்களூரு ஹெப்பாளில் உள்ள தேசிய வேளாண் பூச்சி வளப் பணியகம், முட்டை ஒட்டுண்ணிகள், பொறிவண்டுகள், கண்ணாடி இறக்கைப் பூச்சிகள் முதலிய இயற்கை எதிரிகளைப் பேணி வளர்க்கும் பணியில் ஈடுபட்டுள்ளது. வேம்பு பெரும்பாலும் இலையைத் தின்னும் புழுவின் வயிற்றில் சென்றே செயற்படுவதால், இலையைத் தின்னாத இந்த நண்பர்கள் தொடு நஞ்சுகளால் அழிவதுபோல் அழிவதில்லை. வளர்ந்த தேனீக்களுக்கும் ஆபத்து குறைவே. ஆனால் மருந்து படிந்த மகரந்தமும் தேனும் கூட்டிலுள்ள புழுக்களுக்கு ஊட்டப்பட்டால் அவற்றின் வளர்ச்சி பாதிக்கப்படலாம். மாலை வேளையில் தெளிப்பது இதற்குத் தக்க தீர்வாகும். அவ்வேளையில் தேனீக்கள் கூடு திரும்பிவிடுகின்றன; வெயிலில் விரைந்து சிதையும் மருந்துக்கும் ஓர் இரவு முழுதும் செயற்படும் வாய்ப்புக் கிடைக்கிறது.

மரபும் சான்றும்

வேம்பின் தொன்மையை நம் நாடு உலக அரங்கில் நிலைநாட்டிய நிகழ்ச்சி ஒன்றுண்டு. வேப்பெண்ணெயைக் கொண்டு பூஞ்சண நோய்களைக் கட்டுப்படுத்தும் முறை ஒன்றுக்கு அமெரிக்க வேளாண்மைத் துறையும் டபிள்யூ. ஆர். கிரேஸ் நிறுவனமும் 1994-ஆம் ஆண்டில் ஐரோப்பியக் காப்புரிமை பெற்றன. இந்திய விவசாயிகள் நெடுங்காலமாக அறிந்த ஒன்றைப் புதுமை எனக் கொள்ளலாகாது என்னும் எதிர்ப்பின்பேரில் 2000-ஆம் ஆண்டில் அக்காப்புரிமை நீக்கப்பட்டது. 2005-ஆம் ஆண்டு மார்ச்சு மாதத்தில் மேல்முறையீடும் தள்ளுபடியாயிற்று.

இவ்வெற்றி மரபறிவின் பெருமையை உணர்த்துகிறது. ஆனால் அது மெய்ப்பித்தது ஒன்றை மட்டுமே: இப்பயன்பாடு புதிதன்று என்பதை. நெடுங்காலப் பழக்கம் என்பது பாதுகாப்புக்குச் சான்று ஆகாது. கைக்குழந்தைக்கு வேப்பெண்ணெய் புகட்டுவதும் அதே மரபைச் சேர்ந்ததே. மரபு எதை ஆராய வேண்டும் என்று சுட்டிக்காட்டும். எந்த அளவில், எவருக்கு, எவ்வாறு என்பதைச் சோதனையே தீர்மானிக்க வேண்டும்.

கவனிக்க வேண்டுவன

மேற்கூறியவற்றினின்றும் பெறப்படும் நடைமுறைகள் எளியவை. வேப்பங்கொட்டைகளை உதிர்ந்தவுடன் பொறுக்கி, சதை நீக்கி, நிழலில் உலர்த்திக் காற்றோட்டமான சாக்குகளில் சேமித்தல் வேண்டும்; பூஞ்சணம் கண்டவற்றை ஒதுக்குதல் வேண்டும். சாற்றை அவ்வப்போது தேவையான அளவுக்கே தயாரித்து அன்றே தெளித்துவிட வேண்டும். கடையில் வாங்கும் மருந்தாயின், பதிவு எண்ணும், அசாடிராக்டின் அளவும், காலாவதி நாளும் அச்சிடப்பட்டவற்றையே வாங்குதல் வேண்டும். ‘மூலிகை மருந்து’ என்னும் பெயரில் பதிவின்றி விற்கப்படும் சரக்கில் இரசாயன நஞ்சு கலந்திருக்கக்கூடும். தெளிந்த பின் பூச்சிகள் நொடியில் மடிந்து விழுந்தால் மகிழ்வதைவிட ஐயுறுவதே அறிவுடைமை; வேம்பு அவ்வாறு செயற்படுவதில்லை. கை உறையும் முகமறைப்பும் இதற்கும் தேவை. தெளிப்பானைக் கழுவும் நீர் ஏரி, குளம், கிணறு ஆகியவற்றில் கலத்தல் கூடாது. வேப்பெண்ணெய்ப் புட்டி குழந்தைகளுக்கு எட்டாத இடத்தில் இருக்க வேண்டும். மருந்தெனக் கருதி அவர்களுக்குப் புகட்டுதல் அறவே கூடாது.

இச்செய்திகளை விவசாயிக்கு எடுத்துரைப்பது வேளாண் விரிவாக்கப் பணியாளரின் கடமையெனில், வேப்பெண்ணெய் பற்றிய எச்சரிக்கையைத் தாய்மார்களிடம் சேர்ப்பது கிராமச் செவிலியர், அங்கன்வாடிப் பணியாளர் ஆகியோரின் கடமையாகும். இவ்விரு துறையினரும் ஒரே மரத்தைப் பற்றி இரு வேறு செய்திகளைக் கூறுவதுபோல் தோன்றலாம். உண்மையில் இரண்டும் ஒன்றே. வயலில் நீரில் கலந்து தெளிக்கும்போது துணையாக இருப்பது, சிறு குழந்தையின் வாயில் ஊற்றும்போது நஞ்சாகிறது. இந்த வேறுபாட்டை அறிந்து பயன்படுத்துவோருக்கு வேம்பு இன்றும் நம்பத்தக்க துணையே.